ஆசிரியரின் ஊக்கம் எப்படி நிலைக்கிறது? பணிக்கால வளர்ச்சி குறித்த ஓர் எளிய விளக்கம்

தமிழ்நாட்டில் 25 வயதில் ஓர் அரசுத் தொடக்கப் பள்ளியில் இடைநிலை ஆசிரியராகச் சேருபவர், 60 வயதில் ஓய்வு பெறும்வரை 35 ஆண்டுகள் வகுப்பறையில் இருக்கிறார். அவருக்கு வயது ஏறிக்கொண்டே போகிறது. அவர் முன்னால் அமரும் இரண்டாம் வகுப்புக் குழந்தைகளுக்கோ ஒவ்வோர் ஆண்டும் ஏழு வயதுதான். பாடநூல் சில முறை மாறலாம், மாறுதல் கலந்தாய்வில் ஊர் மாறலாம். ஆனாலும் உயிர்மெய் எழுத்துகளையும் கூட்டலையும் கழித்தலையும் ஏறத்தாழ அதே வயதுக் குழந்தைகளுக்கு அவர் மீண்டும் மீண்டும் கற்பித்தாக வேண்டும். இத்தகைய பணியில் சிலருடைய ஆர்வம் ஆண்டுக்கு ஆண்டு கூடுவதும், அதே பயிற்சி பெற்று அதே ஊதியம் வாங்கும் வேறு சிலருடைய ஆர்வம் பத்தாண்டுகளுக்குள் வற்றிப்போவதும் ஏன் என்பதுதான் ‘ஆசிரியர் பணிக்கால வளர்ச்சி’ என்று கல்வித்துறையில் பேசப்படும் பொருளின் மையக் கேள்வி.

இந்தக் கேள்விக்கு நம்மிடையே வழக்கமாகக் கிடைக்கும் விடை, ‘அது அவரவர் அர்ப்பணிப்பைப் பொறுத்தது’ என்பதே. ஒவ்வோர் ஆண்டும் செப்டம்பர் 5 அன்று மேடைகளில் பேசப்படுவதும் இதுதான். நல்லாசிரியர் பிறக்கும்போதே அப்படிப் பிறந்தவர் என்றும், மற்றவர்களுக்கு அவ்வப்போது ஊக்கமூட்டும் உரை ஒன்று தேவை என்றும் நாம் நம்பிக்கொண்டிருக்கிறோம். இந்த நம்பிக்கை ஆசிரியர்களுக்குப் பெரும் தீங்கு செய்கிறது என்பது என் உறுதியான கருத்து. ஏனெனில், ஆய்வுகள் காட்டும் வரிசை இதற்கு நேர்மாறானது: ஊக்கம் முதலில் வந்து வளர்ச்சி பின்னால் வருவதில்லை. கற்பிப்பதில் தன் கையால் செய்த ஒரு சிறு மாற்றத்தால் குழந்தைகள் கூடுதலாகக் கற்றதைக் கண்ணால் காணும்போதுதான் ஊக்கம் பிறக்கிறது.

ஆண்டுகள் செல்லச் செல்லக் கவலைகளும் மாறுகின்றன

ஆசிரியர்கள் பணியின் வெவ்வேறு காலங்களில் வெவ்வேறு வகையான மனிதர்களாக இருக்கிறார்கள் என்பதை முறையாக எடுத்துச் சொன்னவர்களுள் முன்னோடி, அமெரிக்காவின் டெக்சாஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த பிரான்சிஸ் புல்லர். பயிற்சி ஆசிரியர்களும் புதிய ஆசிரியர்களும் எதைப் பற்றிக் கவலைப்படுகிறார்கள் என்று ஆராய்ந்து அவர் 1969 முதல் எழுதியவற்றை இப்படிச் சுருக்கிச் சொல்லலாம். தொடக்கத்தில் ஆசிரியரின் கவலை தன்னைப் பற்றியது: பிள்ளைகள் என் பேச்சைக் கேட்பார்களா, தலைமை ஆசிரியர் என்ன நினைப்பார், பெற்றோர் கேள்வி கேட்டால் என்ன சொல்வது? அடுத்து வருவது வேலையைப் பற்றிய கவலை: போர்ஷனை எப்படி முடிப்பது, பாடக்குறிப்பேட்டை எப்போது எழுதுவது, 40 நோட்டுகளை எப்படித் திருத்துவது? இவை ஓரளவு அடங்கிய பிறகுதான், பின்வரிசையில் இருக்கும் அந்தக் குழந்தைக்கு நான் சொன்னது புரிந்ததா என்ற கவலைக்கு முழு இடம் கிடைக்கிறது. புதிதாகப் பணியில் சேர்ந்தவரிடம் குழந்தை மையக் கல்வியைப் பற்றி மூன்று நாள் வகுப்பெடுத்தும் அது அவர் மனத்தில் ஒட்டாமல் போவதற்கு அவருடைய அலட்சியம் காரணமன்று. வகுப்பை அமைதிப்படுத்துவது எப்படி என்ற கேள்வியோடு தவிப்பவருக்கு வேறொரு கேள்விக்கான விடை தரப்படுகிறது, அவ்வளவுதான்.

இதைப் பணிக்காலம் முழுவதற்கும் விரித்துப் பார்த்தவர் மைக்கேல் ஹூபர்மன். 1980களில் சுவிட்சர்லாந்தின் ஜெனீவா, வோ ஆகிய பகுதிகளில் சுமார் 160 இடைநிலைக் கல்வி (தொடக்கப் பள்ளிக்கு அடுத்த நிலை) ஆசிரியர்களோடு நீண்ட நேர்காணல்கள் நடத்தி, அவர்களுடைய பணிவாழ்வைச் சில கட்டங்களாக அவர் பிரித்தார். முதல் மூன்று ஆண்டுகள் தாக்குப்பிடிப்பதும் கண்டறிவதுமான காலம். நான்கு முதல் ஆறாம் ஆண்டுவரை காலூன்றும் காலம். ‘நான் ஆசிரியர்தான்’ என்ற மன உறுதி அப்போது வருகிறது. ஏழாம் ஆண்டு முதல் பதினெட்டாம் ஆண்டுவரை பாதை இரண்டாகப் பிரிகிறது. சிலர் புதியனவற்றைச் செய்துபார்க்கிறார்கள். சிலரை, ‘இப்படியே கரும்பலகையின் முன் நின்று ஓய்வு பெற்றுவிடுவேனா’ என்ற ஐயம் பிடித்துக்கொள்கிறது. பத்தொன்பதாம் ஆண்டுக்குப் பிறகு ஒரு சாரார் பதற்றம் தணிந்து நிதானம் அடைகிறார்கள். வேறொரு சாரார் எல்லா மாற்றங்களையும் குறைசொல்லும் இறுக்கத்துக்குப் போகிறார்கள். கடைசிப் பத்தாண்டுகளில் எல்லோரும் மெல்ல விலகத் தொடங்குகிறார்கள். அந்த விலகல் மனநிறைவோடும் இருக்கலாம், கசப்போடும் இருக்கலாம். எல்லோரும் இந்தப் படிகளில் ஒவ்வொன்றாக ஏறியே தீர வேண்டும் என்று ஹூபர்மன் சொல்லவில்லை. ஒருவர் சில கட்டங்களைத் தொடாமலே போகலாம், பழைய கட்டத்துக்குத் திரும்பியும் வரலாம். பத்தாண்டுகள் ஒன்றாம் வகுப்பு எடுத்தவர் பணி நிரவலில் (உபரி ஆசிரியர்களை மாற்றும் ஏற்பாட்டில்) வேறு பள்ளிக்குப் போய் ஐந்தாம் வகுப்பை ஏற்கும்போது, முதலாண்டு ஆசிரியரின் கலக்கம் அவருக்கும் சில வாரங்கள் வரத்தான் செய்யும்.

இந்த ஆய்வில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது கட்டங்களின் பெயர்கள் அல்ல. பணியின் இறுதியில் நிறைவோடு இருந்தவர்கள் அதற்கு முன்பு என்ன செய்துகொண்டிருந்தார்கள் என்று ஹூபர்மன் பின்னோக்கித் தேடியபோது கிடைத்த விடைதான் முக்கியமானது. பள்ளி முழுவதையும் மாற்றியமைக்கும் பெருந்திட்டங்களில் தீவிரமாக இறங்கியவர்களைவிட, தம் வகுப்பறைக்குள்ளேயே பாடப் பொருளையும் கற்பிக்கும் விதத்தையும் தொடர்ந்து சிறிது சிறிதாகத் திருத்திப் பார்த்துக்கொண்டிருந்தவர்களே பிற்காலத்தில் அதிக நிறைவோடு இருந்தார்கள். பெருந்திட்டங்களில் பங்கேற்றவர்களுள் பலர் பின்னாளில் ஏமாற்றம் அடைந்திருந்தார்கள். திட்டங்கள் மேலிருந்து வருகின்றன, ஆட்சியோ அதிகாரியோ மாறினால் போய்விடுகின்றன. அவற்றின் மீது வைத்த நம்பிக்கையும் கூடவே போய்விடுகிறது. தன் வகுப்பில் தானே கண்டுபிடித்த ஒரு வழியை யாரும் அப்படி நிறுத்திவிட முடியாது.

நம்பிக்கை முதலிலா, பலன் முதலிலா?

ஆசிரியரின் மனப்பான்மையை முதலில் மாற்றினால் அவருடைய கற்பித்தல் மாறும், அதன் பின் குழந்தைகள் நன்றாகக் கற்பார்கள் என்ற வரிசையில்தான் பெரும்பாலான பயிற்சிகள் திட்டமிடப்படுகின்றன. அமெரிக்கக் கல்வியாளர் தாமஸ் கஸ்கி 1986இல் இந்த வரிசையைத் திருப்பிப் போட்டார். ஆசிரியர் ஒரு புதிய முறையை முதலில் செய்துபார்க்கிறார். குழந்தைகள் முன்பைவிட நன்றாகக் கற்பதைக் காண்கிறார். அதற்குப் பிறகே அந்த முறையின் மீது அவருக்கு நம்பிக்கை பிறக்கிறது. ஆகவே, மனம் மாறாத ஆசிரியர் என்று ஒருவரை ஒதுக்குவதற்கு முன், அவர் பலனைக் காணும்வரை அவருக்குத் துணை நின்றோமா என்று கேட்பதே நியாயமாகும்.

சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் 2003இல் தொடங்கப்பட்ட செயல்வழிக் கற்றல் இதற்கு அருகில் இருக்கும் சான்று. ஆந்திராவில் மதனப்பள்ளிக்கு அருகிலுள்ள ரிஷி பள்ளத்தாக்குக் கல்வி மையம், சுற்றுப்புறச் சிற்றூர்களின் ஓராசிரியர் பள்ளிகளுக்காக அட்டைகளையும், கற்க வேண்டியவற்றைப் படிப்படியாக வரிசைப்படுத்திய கற்றல் ஏணியையும் கொண்ட ஒரு முறையை உருவாக்கியிருந்தது. அன்றைய மாநகராட்சி ஆணையர் எம்.பி. விஜயகுமாரின் முயற்சியில் அந்த முறை சென்னைக்கு ஏற்றவாறு வடிவமைக்கப்பட்டது. குழந்தைகள் சிறு குழுக்களாகத் தரையில் அமர்ந்து தத்தம் வேகத்தில் அட்டைகளைக் கொண்டு கற்றார்கள். ஆசிரியரும் நாற்காலியை விட்டு இறங்கி அவர்களோடு அமர்ந்தார். குழந்தைகளே எழுதுவதற்காகச் சுவரின் கீழ்ப்பகுதியில் தாழ்நிலைக் கரும்பலகைகள் வந்தன. தனித்தனிக் குழந்தை எந்தப் படியில் நிற்கிறது என்று அன்றாடம் தெரியும் ஏற்பாடு அது. நாற்பது பேருக்கும் ஒரே குரலில் பாடம் நடத்தும்போது ஆசிரியர் கண்ணுக்குத் தென்படாத முன்னேற்றம், இந்த ஏற்பாட்டில் அவர் கண்ணெதிரே நடந்தது.

இந்த முறை 2007-08இல் மாநிலம் முழுவதற்கும் விரிவுபடுத்தப்பட்டது. விரிவாக்கத்தில் எதுவும் தன் தொடக்க உயிரோடு எல்லா இடங்களுக்கும் போய்ச் சேர்வதில்லை. பலன் கண்டு ஏற்றுக்கொண்ட ஒருவருக்கு அட்டை என்பது ஒரு கருவி. மேலிடத்து உத்தரவாக மட்டும் அதைப் பெற்றவருக்கு, வரிசை பிசகாமல் நகர்த்த வேண்டிய ஒரு பொருள். 2022இல் ஒன்று முதல் மூன்றாம் வகுப்புவரை தொடங்கி, அடுத்த ஆண்டு நான்காம், ஐந்தாம் வகுப்புகளுக்கும் நீட்டிக்கப்பட்ட, அடிப்படை எழுத்தறிவும் எண்ணறிவும் தருவதற்கான தமிழ்நாடு அரசின் எண்ணும் எழுத்தும் திட்டத்துக்கும் இது பொருந்தும். குழந்தையின் நிலையறிந்து கற்பிக்க வேண்டும் என்ற அதன் அடிப்படை மிகச் சரியானது. அதில் ஆசிரியர் தன் வகுப்புக்கு ஏற்ப எதை மாற்றலாம், எவ்வளவு மாற்றலாம் என்பதற்கு எந்த அளவுக்கு இடம் இருக்கிறதோ அந்த அளவுக்குத்தான் அது ஆசிரியரையும் வளர்க்கும்.

ஊக்கத்தின் மூன்று வேர்கள்

மனிதர்கள் ஒரு வேலையைப் பிறர் வற்புறுத்தாமல் தாமே விரும்பித் தொடர்வதற்கு என்ன தேவை என்பதை எட்வர்டு டெசி, ரிச்சர்டு ரயன் என்ற இரு உளவியலாளர்கள் பல பத்தாண்டுகள் ஆராய்ந்திருக்கிறார்கள். மூன்று தேவைகளை அவர்கள் சொல்கிறார்கள்: தன் வேலையில் தானே முடிவெடுக்கும் உரிமை, தன்னால் இதைத் திறம்படச் செய்ய முடிகிறது என்ற உணர்வு, தன்னைப் பொருட்படுத்தும் மனிதர்களோடு சேர்ந்திருக்கும் உறவு. இவற்றுள் ஒன்று அறுபட்டாலும் ஊக்கம் தளர்கிறது.

நம் பள்ளிகளில் அதிகம் அடிவாங்குவது முதலாவதுதான். கட்டாயக் கல்வி உரிமைச் சட்டத்தின் 27ஆம் பிரிவு, மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, பேரிடர் நிவாரணம், தேர்தல் ஆகியவற்றைத் தவிர வேறு கல்விசாராப் பணிகளில் ஆசிரியர்களை ஈடுபடுத்தக் கூடாது என்கிறது. ஆயினும் பள்ளி, மாணவர் விவரங்களைத் திரட்டும் கல்வித்துறையின் எமிஸ் இணையதளத்தில் விவரங்களைப் பதிவேற்றுவதும், ஒரே புள்ளிவிவரத்தைப் பல படிவங்களில் அனுப்புவதும் கல்விப் பணி என்ற பெயரிலேயே ஆசிரியரின் நேரத்தை எடுத்துக்கொள்கின்றன. ஈராசிரியர் பள்ளியில் ஒருவர் இணையதளத்தோடு போராடும் நேரத்தில் ஐந்து வகுப்புகளும் மற்றவர் பொறுப்பில் இருக்கின்றன. வேலைப் பளுவைவிட, வகுப்பை விட்டுவிட்டு இதைச் செய்கிறோமே என்ற உணர்வே ஆசிரியரை அதிகம் வருத்துகிறது.

ஊதியத்தைப் பற்றியும் இங்கே நேராகச் சொல்லிவிட வேண்டும். நல்ல ஊதியம் மட்டுமே கற்பிக்கும் ஆர்வத்தை உண்டாக்கிவிடாது. ஆனால் போதிய ஊதியம் இல்லாத இடத்தில் ஆர்வத்தைப் பற்றிப் பேசுவது அறமன்று. 2012இல் மாதம் 5,000 ரூபாய்க்கு நியமிக்கப்பட்டு, பணி நிரந்தரத்துக்காக ஆண்டுக்கணக்கில் கோரிக்கை வைத்துவரும் பகுதிநேர ஆசிரியர்களிடமும், அடுத்த கல்வியாண்டில் வேலை இருக்குமா என்று தெரியாமல் சிறிய தனியார் பள்ளிகளில் பணியாற்றுவோரிடமும் உள்ளார்ந்த ஊக்கம் பற்றி உரையாற்ற யாருக்கும் தகுதியில்லை.

அச்சமும் இத்தகையதே. பணியில் நீடிக்க வேண்டுமானால், ஓய்வுக்கு ஐந்தாண்டுகளுக்கு மேல் உள்ள ஆசிரியர்கள் இரண்டு ஆண்டுகளுக்குள் ஆசிரியர் தகுதித் தேர்வில் வென்றாக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2025 செப்டம்பர் 1 அன்று தீர்ப்பளித்தபோது, 20 ஆண்டுகள் பணியாற்றியவர்களும் பயிற்சி மையங்களைத் தேட வேண்டிய நிலை வந்தது. பணியில் நுழைபவருக்குத் தகுதித் தேர்வு வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால், 20 ஆண்டுகள் கற்பித்த ஒருவரின் வளர்ச்சியைக் கொள்குறி வினாக்களால் அளப்பதும், அதை வேலையிழப்பு அச்சத்தோடு சேர்ப்பதும் அவர் மனத்தை வகுப்பறையிலிருந்து வினாவங்கியின் பக்கம் திருப்பிவிடும்.

எந்தப் பயிற்சி வகுப்பறைவரை வருகிறது?

மாநில அளவில் சிலருக்கு, அவர்கள் வழியே மாவட்டக் கருத்தாளர்களுக்கு, பிறகு வட்டார வள மையத்தில், கடைசியில் அருகருகே உள்ள சில பள்ளிகளுக்கான குறுவள மையத்தில் என்று பயிற்சி படிப்படியாகக் கீழே வருவதை நம் ஆசிரியர்கள் அறிவார்கள். குறைந்த செலவில் நிறையப் பேரை எட்டலாம் என்பது இதன் பலம். ஒவ்வொரு படியிலும் விளக்கம் சுருங்கிச் சுருங்கி, கடைசிப் படியில் திரையில் காட்டப்படும் சில வரிகளாக மட்டும் மிஞ்சுவது இதன் குறை. 1980களின் தொடக்கத்தில் புரூஸ் ஜாய்ஸ், பெவர்லி ஷவர்ஸ் இருவரும் பயிற்சி ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்துச் சொன்னது இன்றும் பொருந்துகிறது: கருத்தை விளக்குவதும், செய்துகாட்டுவதும், பயிற்சிக் கூடத்தில் செய்துபார்க்க வைப்பதும் அறிவைத் தரும், ஆனால் ஆசிரியர் தன் வகுப்பில் அதைச் செய்யும்போது உடனிருந்து உதவ ஒருவர் இருந்தால்தான் அது நாள்தோறும் செய்யும் வழக்கமாக மாறும். தேசியக் கல்விக் கொள்கை 2020, ஆசிரியர் ஒவ்வொருவருக்கும் ஆண்டுக்கு 50 மணி நேரத் தொடர் பயிற்சியைப் பரிந்துரைக்கிறது. அந்த 50 மணி நேரமும் மண்டபத்தில் கழிந்தால் பயன் சிறிது. அதில் பாதியாவது வகுப்பறையில் கழிய வேண்டும்.

ஜப்பானின் தொடக்கப் பள்ளிகளில் நெடுங்காலமாக இருந்துவரும் பாட ஆய்வு முறை இதற்குத் தெளிவான முன்மாதிரி. சில ஆசிரியர்கள் கூடி ஒரேயொரு பாடவேளையை மிக நுணுக்கமாகத் திட்டமிடுகிறார்கள். ஒருவர் அதைக் கற்பிக்க, மற்றவர்கள் வகுப்பில் இருந்து பார்க்கிறார்கள். அவர்கள் கவனிப்பது கற்பிக்கும் ஆசிரியரை அல்ல, குழந்தைகளை: யார் எந்த இடத்தில் தடுமாறினார், யார் எதிர்பாராத வழியில் விடை கண்டார்? பிறகு அமர்ந்து பேசித் திட்டத்தைத் திருத்துகிறார்கள். நம்மிடையே இன்னொருவர் வகுப்புக்குள் வருவது என்றாலே ஆய்வு, குறிப்பு, விளக்கம் கேட்பு என்ற அச்சம் வந்துவிடுகிறது. பார்வை குழந்தைகளின் மீது விழும்போது அந்த அச்சம் விலகிவிடுகிறது.

நம் பள்ளிக்கு ஓர் எடுத்துக்காட்டோடு இதைப் பார்க்கலாம். மூன்றாம் வகுப்பில் 52இலிருந்து 38ஐக் கழிக்கச் சொன்னால், சில குழந்தைகள் 26 என்று எழுதுவார்கள். இது கவனக்குறைவு போலத் தோன்றும். உண்மையில் அவர்கள் ஒரு விதியைப் பிசகாமல் பின்பற்றுகிறார்கள். சிறிய எண்ணைப் பெரிய எண்ணிலிருந்துதான் கழிக்க வேண்டும் என்று அவர்களுக்குச் சொல்லியிருக்கிறோம். ஆகவே ஒன்றின் இடத்தில் 8இலிருந்து 2ஐக் கழித்து 6 என்றும், பத்தின் இடத்தில் 5இலிருந்து 3ஐக் கழித்து 2 என்றும் எழுதிவிடுகிறார்கள். சிவப்பு மையால் அடித்துவிட்டு ‘பக்கத்தில் கடன் வாங்க வேண்டும்’ என்று மீண்டும் சொல்வதோடு நிறுத்திவிட்டால், அடுத்த ஆண்டும் அதே தவறு அதே எண்ணிக்கையில் வரும். மாறாக, எத்தனை பேர் 26 என்று எழுதினார்கள் என்று எண்ணிக் குறித்துக்கொண்டு, பத்துப் பத்தாகக் கட்டிய ஐந்து குச்சிக் கட்டுகளையும் இரண்டு உதிரிக் குச்சிகளையும் கொடுத்து, 38 குச்சிகளை எடுத்துத் தரச் சொன்னால், எட்டு உதிரிக் குச்சிகள் இல்லாமல் குழந்தையின் கை ஒரு கணம் நிற்கும். பிறகு தானே ஒரு கட்டை அவிழ்க்கும். மறுவாரம் அதே வகைக் கணக்கைக் கொடுத்து, தவறியவர்களின் எண்ணிக்கை எவ்வளவு குறைந்தது என்று பார்க்கலாம். அவிழ்த்த கட்டைத் தாளில் எப்படிக் குறிப்பது என்ற இடத்தில் சிலர் மீண்டும் தடுமாறுவார்கள். அது அடுத்த மாதத்துக்கான கேள்வி. இதைப் பக்கத்துப் பள்ளி ஆசிரியர் ஒருவரும் தன் வகுப்பில் செய்து, இருவரும் குறுவள மையக் கூட்டத்தில் நோட்டுகளோடு அமர்ந்து பேசினால், உரிமை, திறன், உறவு என்ற மூன்று தேவைகளும் ஒரே வேலையில் நிறைவேறுகின்றன. இதற்கு அரசாணை தேவையில்லை. அந்தக் கூட்டத்தில் சுற்றறிக்கைகளை வாசிப்பதைக் குறைத்து ஒரு மணி நேரம் ஒதுக்கினால் போதும்.

பள்ளியின் சூழல் எவ்வளவு பெரிய வேறுபாட்டை உண்டாக்குகிறது என்பதற்கு எண்ணிக்கையாலான சான்றும் உண்டு. அமெரிக்காவின் வட கரோலைனா மாநிலத்தில் சார்லட் பகுதிப் பள்ளிகளின் விவரங்களைக் கொண்டு மேத்யூ கிராஃப்ட், ஜான் பேப்பே இருவரும் 2014இல் வெளியிட்ட ஆய்வில், சக ஆசிரியர் ஒத்துழைப்பும் தலைமையின் ஆதரவும் வலுவாக உள்ள பள்ளிகளின் ஆசிரியர்கள், அவை நலிந்திருந்த பள்ளிகளின் ஆசிரியர்களைவிடப் பத்தாண்டுகளில் 38 சதவீதம் அதிகமாக முன்னேறியிருந்தார்கள். ஆசிரியர் வளர்வதும் வளராததும் அவருடைய குணத்தை மட்டும் பொறுத்ததன்று என்பது இதிலிருந்து தெளிவாகிறது.

வகுப்பறையை விட்டுப் போகாமல் உயர முடியுமா?

தமிழ்நாட்டில் ஆசிரியருக்கு 10 ஆண்டு முடிந்ததும் தேர்வு நிலையும், 20 ஆண்டு முடிந்ததும் சிறப்பு நிலையும் கிடைக்கின்றன. இவை பணியாற்றிய ஆண்டுகளுக்கான ஊதிய நிலைகள். கற்பித்தலில் ஒருவர் அடைந்த தேர்ச்சிக்கு இவற்றில் தனி இடம் இல்லை. பதவி உயர்வு வேண்டுமானால் தலைமை ஆசிரியர், வட்டாரக் கல்வி அலுவலர் என்று குழந்தைகளிடமிருந்து விலகிப் போகும் வழியே பெரும்பாலும் திறந்திருக்கிறது. சிங்கப்பூரில் நிர்வாகப் பாதைக்கு இணையாகக் கற்பித்தல் பாதை ஒன்றும் உண்டு; சிறந்த ஆசிரியர் வகுப்பறையிலேயே இருந்துகொண்டு மூத்த ஆசிரியர், முதன்மை ஆசிரியர் என்று உயர்ந்து, இளையோரை வழிநடத்த முடியும். ஏழாம் ஆண்டு முதல் பதினெட்டாம் ஆண்டுவரை ஐயத்தில் தவிக்கும் ஆசிரியர்களுக்கு இப்படியொரு பாதை தெரிந்தாலே பெரும் நம்பிக்கை பிறக்கும்.

பணியின் கடைசி ஆண்டுகளை நாம் அறவே வீணாக்குகிறோம். ர, ற வேறுபாட்டை எந்தச் சொற்களிலிருந்து தொடங்கினால் குழந்தைக்கு எளிதில் பிடிபடும், புலம்பெயர்ந்த தொழிலாளர் குடும்பத்துக் குழந்தை முதல் வாரத்தில் வாய் திறக்க என்ன செய்ய வேண்டும், குடித்துவிட்டு வந்து பள்ளி வாசலில் நிற்கும் தகப்பனிடம் எப்படிப் பேச வேண்டும் என்பவை 30 ஆண்டுகள் பணியாற்றியவருக்கு மட்டுமே தெரிந்தவை. பணி நிறைவு விழாவில் பொன்னாடை போர்த்தும் நாள்வரை இவற்றை அவரிடம் யாரும் முறையாகக் கேட்பதில்லை. ஓய்வுக்கு முந்தைய இரண்டு ஆண்டுகளில் அவருடைய பாடவேளைகளில் சிலவற்றைக் குறைத்து, அதே ஒன்றியத்தில் புதிதாகச் சேர்ந்தவர்களின் வகுப்புகளுக்கு வாரம் ஒரு முறை அவரை அனுப்பலாம். அவர் அறிக்கை எழுத வேண்டியதில்லை, மதிப்பெண் போட வேண்டியதில்லை. புதியவர் தயக்கமின்றிக் கேள்வி கேட்க ஒரு மூத்தவர் அருகில் இருந்தால் போதும். முதல் மூன்று ஆண்டுகளின் தத்தளிப்பில் இருப்பவருக்குத் துணை கிடைக்கும். விலகிக்கொண்டிருப்பவருக்குத் தன் அறிவு இன்னும் தேவைப்படுகிறது என்பது தெரியும்.